கேமரா எங்கே?

அன்புள்ள அம்மாவுக்கு,

இங்கே நான் நலம். நீயும் அப்பாவும் எப்படி இருக்கிறீர்கள்? "அங்கே என்னதான்டா வேலை?" என்று போனில் கேட்டாய். அதற்குள் பேச்சு வேறு எங்கோ போய்விட்டது. சரி, எழுதியே சொல்கிறேன்.

கலிபோர்னியாவின் சான் ஹோசே நகரில் ஆவணப்படம் எடுக்கும் ஒரு அம்மாவிடம் ஒலிப்பதிவு செய்கிறேன். கம்பெனி, தயாரிப்பாளர் எதுவும் கிடையாது, நாங்கள் இரண்டு பேர்தான். அவர் கல்யாண வீடியோ எடிட் செய்து சம்பாதிக்கும் பணத்தில்தான் படம் நகர்கிறது. என் சம்பளம் சில மாதம் தள்ளிப்போகும், ஆனால் வராமல் இருந்ததில்லை. கவலைப்படாதே.

படம் லோரைடர்காரர்களைப் பற்றியது. மெக்சிகோ வழி வந்த குடும்பங்கள். பழைய காரைத் தரையைத் தொடுகிற மாதிரி தாழ்த்தி, பளபளவென்று வண்ணம் அடித்து, ஊர்வலம் போல மெதுவாக ஓட்டுவார்கள். 1964 இம்பாலா கார் என்றால் உயிர். 1950களின் கடைசியில், இவ்வளவு தாழ்த்தக் கூடாது என்று கலிபோர்னியாவில் சட்டம் வந்தது. உடனே ஹைட்ராலிக் பம்ப் பொருத்திவிட்டார்கள். போலீஸைக் கண்டால் வண்டி மேலே ஏறும், அவர்கள் போனதும் இறங்கும்! பிறகு பல ஊர்களில் ஒரே தெருவைச் சுற்றிச் சுற்றி ஓட்டவும் தடை போட்டார்கள். சான் ஹோசே அதை 2022இல் நீக்கியது. 2024 ஜனவரி முதல் மாநிலம் முழுக்கவே இரண்டு தடையும் இல்லை. இத்தனை வருஷம் ரவுடிகள் என்று பேர் வாங்கியவர்கள், கேமராவோடு வருகிறவர்களை எப்படி நம்புவார்கள்?

அதனால் முதல் மூன்று சனிக்கிழமை கேமராவை வெளியே எடுக்கவே இல்லை. ஒரு பெரியவரின் கராஜில் சும்மா உட்கார்ந்திருந்தோம். அவர் சக்கரக் கம்பிகளை ஒவ்வொன்றாகத் துணியால் துடைப்பார். அப்பா சைக்கிள் துடைப்பது ஞாபகம் வந்தது. நானும் ஒரு துணி எடுத்துக்கொண்டேன். நாலாவது வாரம் அவரே கேட்டார், "கேமரா எங்கே?"

பேட்டி முடிந்ததும் அந்த இடத்தின் வெறும் அமைதியை ஒரு நிமிஷம் பதிவு செய்வோம். எடிட்டிங்கில் ஒட்டுப்போட அது வேண்டும். அன்றைக்குப் பெரியவர் காரின் டிக்கி திறந்திருந்தது. மூடியின் உள்பக்கம் இறந்துபோன தம்பியின் முகத்தை வரைய வைத்திருக்கிறார். அந்த ஒரு நிமிஷமும் அதையே பார்த்துக்கொண்டு நின்றார். ஹெட்போனில் அவர் மூச்சு மட்டும் எனக்குக் கேட்டது. படம் எடுக்கும் அம்மா கையில் கேமரா இருந்தும் தூக்கவில்லை. திரும்பி வரும்போது கேட்டேன். "அதை அவர் நமக்குக் காட்டவில்லையே" என்றார்.

வரும் ஞாயிறு அதே கராஜில் போர்வை கட்டி, இதுவரை எடுத்ததை அந்தக் குடும்பத்துக்குப் போட்டுக் காட்டுகிறோம். வேண்டாம் என்று அவர்கள் சொல்வதை வெட்டிவிடுவோம். அப்புறம் போன் பண்ணுகிறேன்.

அப்பாவை முட்டிக்கு மருந்து தவறாமல் போடச் சொல்.

உன் மகன்