சுவாமி எப்போது நகரும்?

அன்பின் குகனுக்கு,

நாங்கள் எல்லோரும் சுகம். உன் கடிதம் வந்து பதினைந்து நாளாகிவிட்டது. பதில் பிந்தியதற்குக் காரணம் ஒரு நரி. எட்டுப் படங்களில் அது நடந்து காட்ட வேண்டும். ஆறாவது படத்தில் பின்கால் நொண்டியது. நரியின் உயரமே முப்பத்திரண்டு பிக்சல்தான். ஒரு பிக்சலை அங்கே இங்கே தள்ளினால் களைத்த நரி குடித்த நரியாகிவிடுகிறது. மூன்று இரவுகள் அதிலேயே போயின.

அப்படி என்னதான் வேலை செய்கிறாய் என்று கேட்டிருந்தாய். வீடியோ கேமுக்குப் படமும் வரைகிறேன், இசையும் அமைக்கிறேன். அம்மா அயலவர்களிடம் இன்னும் 'கம்பியூட்டர் வேலை' என்றுதான் சொல்கிறார். விளையாட்டுக்குச் சம்பளம் தருவார்கள் என்பதை அவர் நம்பவில்லை. முதலில் வேலை தந்த வெளிநாட்டு நிறுவனம் நாற்பது படங்களை வாங்கிக்கொண்டு காசு தராமல் மறைந்தபோது, அவர் சொன்னதும் சரிபோலத்தான் இருந்தது. இப்போது பாதிப் பணம் கைக்கு வராமல் பென்சிலைத் தொடுவதில்லை.

படம் எனக்குப் பழகிய வேலை. இசைதான் ஆளை அலைக்கழித்தது. பாட்டென்றால் தொடக்கமும் முடிவும் நம் கையில். இங்கே விளையாடுகிறவன் ஒரு வாசலில் பத்து விநாடி நிற்பானா, பத்து நிமிடம் நிற்பானா, யாருக்குத் தெரியும்? ஆறு மாதம் முட்டி மோதிய பிறகு, நல்லூர்த் திருவிழாவில் நின்றபோதுதான் பிடிபட்டது. சுவாமி வெளிவீதி வரும்போது மேளகாரரைக் கவனித்திருக்கிறாயா? சுவாமி மூலையில் தரித்து நின்றால் நாதஸ்வரம் ராகத்தை விரித்துக்கொண்டே போகும். நகர்ந்தால் தவில் சேரும். தீபம் காட்டினால் எல்லாம் ஒன்றாய் முழங்கும். எப்போது நகரும் என்று அவர்களுக்கு யாரும் முன்கூட்டிச் சொல்வதில்லை. கண் முழுவதும் சுவாமியில். என் வேலையும் அதேதான், சுவாமிக்குப் பதிலாக நரி.

1985இல் வந்த சூப்பர் மரியோ பிரதர்ஸ் என்ற வீடியோ கேமில் இசையமைப்பாளர் கோஜி கொண்டோ இதைச் செய்துவிட்டார். மிஞ்சியிருக்கும் நேரம் நூறுக்குக் கீழே இறங்கியதும் இசை வேகம் பிடிக்கும், விளையாடுகிறவனுக்குக் கை வியர்க்கும். அந்த விளையாட்டு ஓடிய கருவியில் அவருக்குக் கிடைத்தவை வெறும் ஐந்து ஒலித்தடங்கள். அதே விளையாட்டில் வானத்து மேகமும் தரையில் இருக்கும் பற்றையும் ஒரே படம், நிறம்தான் வேறு. அவ்வளவு சிக்கனம்! மிஞ்சின புட்டை மத்தியானம் உதிர்த்துத் தாளிக்கும் என் அம்மாவுக்கு இதைச் சொன்னேன். முதல்முறையாக என் தொழிலை மதித்துத் தலையாட்டினார்.

ஸ்டார்டியூ வேலி என்ற வீடியோ கேமை எரிக் பரோன் தனியாளாகவே செய்தார்: படம், இசை, நிரல், கதை எல்லாம். நான்கரை ஆண்டுகள். இடையில் மாலை நேரங்களில் தியேட்டரில் ஆட்களுக்கு இடம் காட்டும் வேலையும் பார்த்தார். 2016இல் வெளிவந்து உலகமெல்லாம் விற்றது. ஆனால் அவரைக் காட்டி என்னை உற்சாகப்படுத்தாதே. இரண்டு வேலையையும் ஒருவனே செய்தால் முதுகும் போகிறது, காதும் போகிறது.

சரி, எழுத வந்த காரியத்துக்கு வருகிறேன். மின்சாரம் இல்லாத அந்த ஆண்டுகளில், உங்கள் விறாந்தையில் சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, டைனமோவில் டேப் கேட்டோமே. பெடலைச் சுற்றும் உன் கை களைத்தால் பாடகரின் குரலும் தடித்து இழுபடும்; நான் 'சுற்றடா!' என்று கத்துவேன். நரி களைக்கும்போது இசை அப்படித்தான் இழுபட வேண்டும். கம்பியூட்டரில் எத்தனையோ விதமாகச் செய்து பார்த்தேன், அந்தத் தள்ளாட்டம் வரவில்லை. அந்த றலி சைக்கிள் உங்கள் வீட்டுக் கோடியில் இன்னும் கிடக்கிறதா? டைனமோ கழற்றப்படாமல் இருந்தால் ஞாயிற்றுக்கிழமை போய் எடுத்துவருகிறேன். உன் அம்மாவுக்குப் போன் எடுத்துச் சொல்லிவிடு. சொல்லாமல் போனால் பழைய இரும்பு வாங்க வந்தவன் என்று நினைத்துவிடுவார்.

அன்புடன்,
சிவா
கொக்குவில்