பரணில் தகர டப்பா கிடந்தால் எடைக்குப் போடாதீர்கள்

செட்டிநாட்டில் பூட்டிக் கிடக்கும் வீடுகளுக்கு உரிமைக்காரர்களான ஐயாக்களுக்கும் ஆச்சிமார்களுக்கும்,

வணக்கம். பழைய படச்சுருள்களைத் தேடி ஆவணப்படம் எடுப்பது என் வேலை. உங்களிடம் நான் தேடுவது, உங்கள் செட்டிநாட்டுக் கோட்டையூர்க்காரரான பயண எழுத்தாளர் ஏ.கே. செட்டியார் காந்தியைப் பற்றி எடுத்த ஆவணப்படத்தின் தமிழ்ப் பிரதியை.

1937 அக்டோபர் 2. நியூயார்க்கிலிருந்து டப்ளின் போகும் கப்பலில், முப்பது வயதுகூட ஆகாத அவருக்கு இந்த யோசனை வந்தது. அப்புறம் கண்டம் விட்டுக் கண்டம் அலைந்தார். யார் யாரோ எப்போதோ எடுத்துப் போட்டிருந்த காட்சிகளைத் தேடி, சுமார் 50,000 அடிச் சுருள் சேர்த்தார். 1940 ஆகஸ்டில் சென்னையில் படம் வெளியானது. கணினி இல்லை, எங்கே எந்தச் சுருள் இருக்கிறது என்று சொல்லப் பட்டியலும் இல்லை. நேரில் போய்க் கதவைத் தட்டித்தான் கேட்டிருக்கிறார். இன்று ஒரு நிமிடக் காட்சிக்கு மாதக்கணக்கில் அலையும் எனக்கு, அந்த உழைப்பை நினைத்தாலே நெஞ்சு நிறைந்துபோகும்.

பிறகு அமெரிக்காவில் வந்த ஆங்கில வடிவத்தின் பிரதி, வரலாற்றாய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதியின் தேடலால் அங்கேயே ஒரு பல்கலைக்கழகத்தில் கிடைத்தது. நம் மக்கள் கொட்டகையில் உட்கார்ந்து பார்த்த தமிழ்ப் படம் மட்டும் இன்னும் கிடைக்கவில்லை.

கிடைக்காது என்று நான் நம்பவில்லை. நாகர்கோவில் சுந்தர்ராஜ் தயாரித்த ‘மார்த்தாண்ட வர்மா’ 1933இல் வந்த மௌனப் படம். நாற்பது ஆண்டுகள் கழித்து அதன் பிரதியை தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் மீட்டது திருவனந்தபுரத்துப் புத்தகக் கடை ஒன்றிலிருந்து!

உங்கள் வீடுகளில் பங்காளிகள் ஒன்றுகூடிச் சாமான்களைக் கழிக்கும்போது தேக்குத் தூணுக்கும் பெல்ஜியம் கண்ணாடிக்கும் விலை பேச ஆள் வருகிறது. துருப்பிடித்த வட்ட டப்பாவோ பழைய இரும்போடு போய்விடுகிறது. எனக்குப் பயமெல்லாம் அங்கேதான்.

டப்பா கண்ணில் பட்டால் ஒன்று செய்யுங்கள். அந்தக் காலத்து 35 எம்எம் சுருள் பெரும்பாலும் நைட்ரேட், சட்டென்று தீப்பிடிக்கும். அதனால் விளக்குப் பக்கமோ வெயிலிலோ வைக்க வேண்டாம், பிரித்துப் பார்க்கவும் வேண்டாம். காற்றோட்டமான, குளிர்ச்சியான இடத்தில் வைத்துவிட்டு, புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்குத் தகவல் சொல்லுங்கள். சுருள் ஒட்டிப் போயிருந்தாலும், ‘இது கெட்டுப்போச்சு’ என்று நீங்களாக முடிவு கட்டிவிடாதீர்கள். பக்கத்தில் நோட்டீஸோ கடிதமோ பங்குப் பத்திரமோ இருந்தால் அதையும் சேர்த்து வையுங்கள். படம் எங்கெல்லாம் ஓடியது, யாரெல்லாம் பணம் போட்டார்கள் என்பதற்கு அந்தத் தாள்தான் சாட்சி.

வீட்டைப் பிரிக்க நாள் குறித்தாயிற்றா? சரி, ஆள் வருவதற்கு முந்தின நாள் மட்டும் ஒரு டார்ச்சோடு பரணில் ஏறிப் பாருங்கள்.

அன்புடன்,
ஓர் ஆவணப்படக்காரன்