புதன்கிழமை வரச் சொல்லாதீர்கள்

இராமநாதபுரம் மாவட்டத்தில் மாற்றுத்திறன் குழந்தைகளைப் பார்க்கிற மருத்துவர்கள், பிசியோதெரபிஸ்டுகள், பேச்சுப் பயிற்சியாளர்கள், சிறப்பாசிரியர்கள் எல்லோருக்கும்,

வணக்கம்.

தங்கச்சிமடத்திலிருந்து எழுதுகிறேன். கடலில் மூங்கில் மிதவை போட்டுப் பாசி வளர்க்கிற வேலை எனக்கு. வீட்டுக்காரர் விசைப்படகில் பங்குக்குப் போகிறவர். மூத்தவள் எட்டாம் வகுப்பு. இளையவனுக்கு ஒன்பது வயது, மூளை முடக்குவாதம். பிறந்ததும் அழவில்லை. அதற்குப் பிறகு நடந்ததெல்லாம் நீங்கள் தினமும் கேட்கிற கதைதான்.

எங்கள் வீட்டு அரிசி டிரம்முக்கு மேலே சுவரில், பயிற்சிக்குப் போன இடத்தில் கொடுத்த ஒரு தாள் ஒட்டியிருக்கிறது. ஒன்பது பயிற்சிகள், கோட்டுப் படங்களோடு, எல்லாம் ஆங்கிலத்தில். ஒவ்வொன்றும் பத்துப் பத்து முறை, காலை, மதியம், இரவு என்று மூன்று வேளை. ஒரு நாள் கடிகாரத்தை வைத்துச் செய்து பார்த்தேன். ஒரு வேளைக்கு ஐம்பது நிமிடம் ஆனது. அப்படியானால் நாளொன்றுக்கு இரண்டரை மணி நேரம். அந்த இரண்டரை மணி நேரம் எங்கே இருக்கிறது என்று தாளில் எழுதவில்லை. அடுத்த மாதம் போனபோது, "எக்ஸர்சைஸ் பண்ணுனீங்களா?" என்று கேட்டார்கள். "பண்ணுனேன்" என்றேன். பொய்தான். அறைக்கு வெளியே காத்திருந்த அம்மாக்களில் பாதிப் பேர் உள்ளே போய் அதே பொய்யைத்தான் சொன்னார்கள். வெளியே வந்து சிரித்துக்கொண்டோம். சிரிக்கிற விஷயமா அது? பிள்ளையின் குதிகால் தரையில் படாமல் தூக்கிக்கொண்டே போனது.

கிழமைக் கணக்கையும் சொல்லிவிடுகிறேன். எங்கள் படகுத்துறையில் விசைப்படகுக்கு வாரத்தில் மூன்று நாள்தான் கடல்: திங்கள், புதன், சனி. மற்ற நாட்கள் நாட்டுப்படகுக்கு. காலையில் போகிறவர் மறுநாள் காலைதான் கரைக்கு வருவார். ஒன்பது வயதுப் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு பஸ் ஏறுவது ஒரு ஆள் வேலை இல்லை. ஒருத்தர் பிள்ளையைத் தூக்க வேண்டும், ஒருத்தர் பை, பைல், தண்ணீர், மாற்றுத்துணி. எங்களுக்கு எப்போதும் புதன்கிழமைதான் வரச் சொல்வார்கள். அதனால் மூத்தவள் புதன்கிழமை பள்ளிக்குப் போக மாட்டாள். மூன்று வருஷம் அப்படி ஓடியது. அவள் வருகைப் பதிவேட்டில் எல்லா வாரமும் ஒரே இடத்தில் ஓட்டை விழுந்திருக்கும். ஆசிரியர் கேட்டதற்கு அவள் "காய்ச்சல்" என்று சொன்னாளாம். செவ்வாயோ வெள்ளியோ என்று மாற்றிக் கொடுத்திருந்தால் அவர் வந்திருப்பார். "உங்க வீட்டுக்காரர் என்னைக்கு வீட்ல இருப்பாரு?" என்று ஒரு வார்த்தை கேட்பதற்கு எந்தத் திட்டமும் நிதி ஒதுக்க வேண்டியதில்லையே.

எங்கள் ஊரிலிருந்து மாவட்டத் தலைநகருக்கு நாற்பது கிலோமீட்டருக்கு மேல். 2022 டிசம்பரில் பாம்பன் பழைய பாலத்தில் ரயில் நின்றது. 2025 ஏப்ரல் 6ஆம் தேதி புதுப் பாலம் திறக்கும்வரை தீவிலிருந்து ரயிலே இல்லை. ஊருக்கே சிரமம்தான். எங்களுக்கு அது வேறு மாதிரிச் சிரமம்: ரயிலில் சீட்டில் படுக்க வைக்கலாம், பஸ்ஸில் மடியில் விறைத்துக்கொண்டே வருவான். அந்த இரண்டே கால் வருஷத்தில் நான் போகாமல் விட்ட நாட்கள் நிறைய. என் நோட்டில் அந்த நாட்களுக்கு எதிரே "தாய்க்கு அக்கறை இல்லை" என்கிற பொருளில் ஆங்கிலத்தில் எழுதியிருந்தது. பன்னிரண்டாம் வகுப்பு வரை படித்தவள், அந்த அளவு ஆங்கிலம் வாசிக்க வரும்.

ரயில் இல்லாத அந்தச் சமயத்தில்தான் ஒரு பிசியோதெரபிஸ்ட் வீட்டுக்கு வந்தது. வயதில் என் கடைசித் தங்கச்சியைவிடச் சின்னப் பிள்ளை. வந்ததும் பையனைப் படுக்க வைத்துக் காலை நீட்டிப் பார்க்கும் என்று நினைத்துப் பாய் விரித்தேன். அது திண்ணையில் உட்கார்ந்து, "அக்கா, நேத்து காலையில எந்திரிச்சதுல இருந்து ராத்திரி படுக்கிறவரைக்கும் என்னென்ன பண்ணுனீங்க, ஒண்ணுவிடாம சொல்லுங்க" என்றது. நான் சொன்னேன். கொஞ்ச நேரத்தில் அழுதும்விட்டேன். யாரும் அதைக் கேட்டதில்லை, அதனால்தான்.

சொன்னதைக் கேட்டுவிட்டு அந்தப் பிள்ளை செய்ததைக் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன். உங்களில் புதிதாக வேலைக்கு வந்தவர்கள் இதைப் படிக்க வேண்டும் என்பது என் ஆசை.

மீன் அள்ளுகிற பிளாஸ்டிக் பெட்டி ஒன்று வாசலில் உடைந்து கிடந்தது. அதன் ஒரு பக்கத்தை வீட்டுக்காரரை அறுக்கச் சொன்னது. விளிம்பில் பழைய வலைக்கயிறு சுற்றி, முதுகுக்குத் தலையணை வைத்து, இடுப்பும் முழங்காலும் மடங்கி இருக்கும்படி பையனை உட்கார வைத்தது. இரண்டு கால்களுக்கும் நடுவில் ஒரு சுருட்டிய துண்டு, தொடை ஒன்றோடொன்று கத்தரி மாதிரிப் பின்னிக்கொள்ளாமல் இருக்க. ஐந்து பைசா செலவில்லை. அன்றைக்குத்தான் அவன் முதல்முறையாக இரண்டு கையும் சும்மா இருக்க உட்கார்ந்தான். அதுவரை கையை ஊன்றியே காலம் போனது.

நான் கரையில் உட்கார்ந்து கயிற்றில் பாசி விதையைக் கட்டும்போது பெட்டியோடு அவனைப் பக்கத்தில் வைக்கச் சொன்னது. அவன் கை எப்போதும் மூடியே இருக்கும், கட்டைவிரல் உள்ளே. ஈரப் பாசியை உள்ளங்கையில் வைத்தோம். வழுவழுவென்று குளிர்ச்சியாக இருக்கும் அது, நழுவும். பிடிக்கப் பார்த்தான், நழுவியது, விரலை விரித்தான். "இது போதும்க்கா, பந்தெல்லாம் வாங்க வேணாம்." நாற்பத்தைந்து நாளுக்கு ஒரு அறுவடை எங்களுக்கு. கட்டுகிற நாளெல்லாம் அவனுக்கும் கைவேலை. குதிகாலுக்கான நீட்டல் பயிற்சி, குளிப்பாட்டும்போது வெந்நீர் ஊற்றிய சூட்டோடு. தோளுக்கானது, சட்டை மாட்டும்போது. ஒன்பது பயிற்சியில் ஐந்து எங்கள் வேலைக்குள்ளேயே போய் உட்கார்ந்துவிட்டன. மீதி நான்கை வேண்டாமென்று அந்த பிசியோதெரபிஸ்ட் பிள்ளையே தாளில் அடித்துவிட்டது.

அடுத்தது சாப்பாடு. ஐந்து வருஷம் மடியில் மல்லாத்திப் போட்டு, தலை பின்னால் சாய, கைக்குழந்தைக்கு மாதிரிதான் ஊட்டினேன். மழைக்காலம் வந்தால் நெஞ்சுச் சளி, புகை மருந்து, வார்டு. எத்தனையோ பேர் ஸ்டெதாஸ்கோப் வைத்துப் பார்த்தார்கள். "எப்படி ஊட்டுறீங்க?" என்று ஒருவரும் கேட்கவில்லை. இந்தப் பிள்ளை, "கஞ்சி இருந்தா எடுங்க, ஊட்டுங்க, பார்க்கிறேன்" என்றது. பார்த்துவிட்டு என்னைத் திட்டவில்லை. பெட்டியில் நிமிர்ந்து உட்கார வைத்து, தாடை கொஞ்சம் கீழே இறங்கியிருக்க, கரண்டியை மேலிருந்து கொண்டுவராமல் வாய்க்கு நேரே கொண்டுவந்து, நாக்கின் மேல் லேசாக அழுத்தி எடுத்தது. தலை பின்னால் சாய்ந்தால் உணவு மூச்சுக்குழாய்க்குள் போகும், அதுதான் சளியாகத் திரும்பி வருகிறது என்று விளக்கியது. அடுத்த மழைக்கு நாங்கள் வார்டுக்குப் போகவில்லை.

இதெல்லாம் உங்களுக்குத் தெரிந்த வித்தைதான். ஆனால் எங்கள் வீட்டு வாசலைத் தாண்டி உள்ளே வர அதற்கு ஆறு வருஷம் ஆனது.

வித்தை தெரிந்தவர்கள் மறந்துவிடுகிற இன்னும் சில விஷயங்கள் இருக்கின்றன. முகாமில் ஒரு சக்கர நாற்காலி கொடுத்தார்கள். போட்டோ எடுத்தார்கள். பெரியவர்கள் உட்காரும் நாற்காலி அது. இவன் அதில் வழுக்கி வழுக்கிக் கீழே வந்தான். முன் சக்கரம் இரண்டும் எங்கள் தெரு மணலில் புதைந்து நின்றுவிடும். இப்போது அதில் துணி காய்கிறது. அளவெடுக்காமல் ஜாக்கெட் தைக்கிற டெய்லர் எங்கள் ஊரில் பிழைக்க முடியாது.

முதல் கேள்வியே "சொந்தத்துல கட்டுனீங்களா?" என்று வருகிறதே, அதைக் கேட்கக் கூடாது என்று சொல்ல மாட்டேன். சில நோய்களுக்கு அது தெரிய வேண்டும் என்று இப்போது புரிகிறது. எதற்காகக் கேட்கிறீர்கள் என்று சொல்லிவிட்டுக் கேளுங்கள். நான் அத்தை மகனைக் கட்டியவள். மூச்சு முட்டிப் பிறந்ததால் வந்த முடக்கத்துக்கும் அதற்கும் சம்பந்தம் இல்லை என்று ஒரு டாக்டர் பிற்பாடு சொன்னார். அதற்குள் அந்த ஒரு கேள்வியை வைத்து என் வீட்டில் நாலு வருஷம் சண்டை நடந்து முடிந்திருந்தது.

"ஏர்வாடி தர்காவுக்குப் போனீங்களா, ஓரியூர் சர்ச்சுக்குப் போனீங்களா" என்று கேலியாகக் கேட்பதும் வேண்டாம். போனோம். கடல்மேல் போகிறவர் வீட்டில் எந்தச் சாமியையும் விடுவதில்லை. 2001 ஆகஸ்ட் 6ஆம் தேதி ஏர்வாடியில் ஒரு காப்பகம் தீப்பிடித்து, சங்கிலியில் கட்டப்பட்டிருந்த மனநோயாளிகள் உட்பட 28 பேர் இறந்தார்கள். அவர்களைக் கொண்டுவந்து விட்ட குடும்பங்களைப் பற்றி ஊர் நிறையப் பேசியது. எனக்கென்னவோ, அவர்களில் பலருக்கும் வேறு எங்கே போவதென்று ஒருவரும் உட்கார வைத்துச் சொல்லியிருக்க மாட்டார்கள் என்றுதான் தோன்றும்.

சொல்ல வேண்டியவற்றைச் சொல்லாமல் விடுவதும் உண்டு. 2016ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டப்படி 40 சதவீதத்துக்குக் குறையாத பாதிப்பு உள்ள பிள்ளைக்கு 6 வயது முதல் 18 வயது வரை இலவசக் கல்வி உரிமை உண்டு. பாதிப்பின் வகையையும் அளவையும் பொறுத்து மாதம் 2000 ரூபாய் பராமரிப்புத் தொகைக்கு விண்ணப்பிக்கலாம். மூளை முடக்குவாதம், ஆட்டிசம், அறிவுசார் குறைபாடு, பல்வகைக் குறைபாடு உள்ளவர்களுக்கு 1 லட்சம் ரூபாய் வரை நிரமயா மருத்துவக் காப்பீடு இருக்கிறது. 1999ஆம் ஆண்டு தேசிய அறக்கட்டளைச் சட்டத்தின் கீழ் வருவது அது. இந்த நிரமயா என்ற பெயரை நான் முதன்முதலில் கேட்டது வரிசையில் எனக்கு முன்னால் நின்ற தொண்டிக்கார அம்மாவிடம். அப்போது பையனுக்கு ஆறு வயது முடிந்திருந்தது. ஒரு பக்கத் தாளில், தமிழில், எந்த அலுவலகம், என்னென்ன ஜெராக்ஸ் என்று எழுதி, பயிற்சித் தாளோடு சேர்த்துப் பின் அடித்துக் கொடுங்கள்.

அங்கன்வாடிக்கு வருஷத்துக்கு இரண்டு தடவை மருத்துவக் குழு வர வேண்டும் என்பது 2013இல் தொடங்கிய தேசியக் குழந்தைகள் நலத் திட்டத்தின் விதி. வருகிறார்கள், பார்க்கிறார்கள். ஆனால் கழுத்து நிற்காத பிள்ளையை யார் அங்கன்வாடிக்குத் தூக்கிக்கொண்டு போகிறார்கள்? வீட்டுக்குள்ளே கிடக்கும். பதிவேட்டில் பெயர் இருந்து பிள்ளை வராத வீடுகளைக் கேட்டு, அந்தத் தெருவுக்குள் ஒரு நடை போய் வாருங்கள்.

அப்பா எங்கே என்று கேட்கும்போதும் கொஞ்சம் யோசியுங்கள். போன வருஷம் வரிசையில் ஒரு பெண் நின்றாள். புருஷன் எல்லை தாண்டியதாகப் பிடிபட்டு இலங்கைச் சிறையில். படிவத்தில் தகப்பன் கையெழுத்து இல்லை என்று திருப்பி அனுப்பினார்கள். அவள் யாழ்ப்பாணத்துக்குப் போயா வாங்கி வர முடியும்?

ஒரே ஒரு யோசனையை மட்டும் நீங்கள் கட்டாயம் எடுத்துக்கொள்ள வேண்டும். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுக்கு மீன்பிடித் தடைக்காலம். வருமானம் இல்லாத, ஆனால் விசைப்படகுக்குப் போகிற தகப்பன்மாரெல்லாம் கரையில் இருக்கிற காலம். வலை கட்டுவார்கள், படகுக்கு வர்ணம் அடிப்பார்கள், மீதி நேரம் சும்மா இருப்பார்கள். உங்கள் பயிற்சி முகாமை அப்போது வையுங்கள், கடற்கரை ஊரிலேயே வையுங்கள், அம்மாக்களைக் கூப்பிடாமல் அப்பாக்களைக் கூப்பிடுங்கள். கயிறு முடிச்சும் பெட்டியும் பலகையும் அவர்களுக்குக் கைவந்த வேலை. எங்கள் வீட்டுப் பெட்டியை அறுத்தபோதுதான் என் வீட்டுக்காரர் அவனைக் கூச்சப்படாமல் தொட்டுத் தூக்கினார். அதற்கு முன் தூக்கத் தெரியாது என்று விலகியே இருப்பார். தூக்கக் கற்றுக்கொடுக்க யாரும் இல்லை என்பதை நானும் அதுவரை யோசித்ததில்லை.

வரும் தடைக்காலத்தில் எங்கள் தெருவில் ஆறு வீடுகளில் இப்படிப்பட்ட பிள்ளைகள் இருக்கும். மற்ற ஐந்து வீட்டிலும் பேசிவிட்டேன். எங்கள் வீட்டு முன்னால் புங்கமரம் இருக்கிறது, பாயும் பெட்டிகளும் எங்கள் பொறுப்பு. பத்து மணிக்கு மேல் வாருங்கள், அதற்கு முன் பாசி வேலை. வரும்போது மூத்தவளிடமும் அவள் என்ன படிக்கிறாள் என்று ஒரு வார்த்தை கேளுங்கள். தெருமுனையில் வண்டியை விட்டுவிட்டுச் செருப்போடே நடந்து வாருங்கள், அந்த நேரத்துக்கு மணல் சுடும்.

இப்படிக்கு,
தங்கச்சிமடத்துத் தாய் ஒருத்தி