ஞாயிறு மாலை படம்: ஃபார்ரபீக்

நண்பர்களே, இந்த ஞாயிறு மாலை 6 மணிக்கு வழக்கமான மொட்டைமாடியில் 1946-இல் வெளிவந்த இந்தப் பிரெஞ்சுப் படத்தைப் பார்க்கிறோம். எடுத்தவர் ஜார்ஜ் ரூக்கியே. அச்சகத்தில் லைனோடைப் என்ற அச்செழுத்து இயந்திரத்தில் எழுத்துக் கோத்தவர், சினிமாவைத் தானாகவே கற்றவர். பிரான்சின் அவேரோன் பகுதியில் தன் உறவினர்களின் பண்ணையிலேயே தங்கி, நான்கு பருவங்களையும் பதிவு செய்தார். நடித்ததும் அந்த வீட்டு ஆட்களே.

மாவு பிசைந்து, சொந்த அடுப்பில் ரொட்டி சுடும் காட்சியைத் தவறவிடாதீர்கள். எனக்கு என் ஆச்சியின் கைதான் ஞாபகம் வந்தது. வீட்டுக்குக் கரண்ட் இழுக்கலாமா என்ற பேச்சும் நம்மூர்ப் பேச்சு மாதிரியே இருக்கும்.

பல பத்தாண்டுகள் கழித்து அதே ஊருக்குத் திரும்பிப்போய் 1983-இல் ‘பிக்ஃபார்’ எடுத்தார். அது அடுத்த மாதம்.

தாத்தா பாட்டிகளைக் கட்டாயம் அழைத்து வாருங்கள். நாற்காலி போட்டு வைக்கிறோம்.