'மற்றும் பலர்' அல்ல, டிட்டோஸ் வண்டிஸ்

ஆசிரியருக்கு வணக்கம்.

போன ஞாயிறு இணைப்பில் பழைய கிரேக்கப் படங்கள் பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். 1960இல் வந்த 'நெவர் ஆன் சண்டே' பற்றி முக்கால் பக்கம். கதாநாயகி மெலினா மெர்கூரி உண்டு, இயக்கி நடித்த ஜூல்ஸ் டாசின் உண்டு, பாட்டுக்கு ஆஸ்கர் வாங்கிய ஹட்ஜிடாகிஸ் உண்டு, எல்லாம் சரி. ஆனால் பிரேயஸ் துறைமுகத்துக் கூட்டத்தில் யோர்கோவாக வருகிறவரை 'மற்றும் பலர்' மூட்டையில் போட்டுக் கட்டிவிட்டீர்களே! அவர் பெயர் டிட்டோஸ் வண்டிஸ், கிரேக்க நடிகர்.

எனக்கு அவரைத் தெரிய வந்ததே 1973இல் வந்த 'எக்ஸார்சிஸ்ட்' பேய்ப் படத்தில்தான். சம்பா நடவு முடிந்து கொஞ்சம் ஓய்வாக இருந்தபோது மகனுடைய லேப்டாப்பில் பார்த்தேன், வீட்டில் வேறு யாரும் கூட உட்காரத் தயாராக இல்லை. பேயெல்லாம் அப்புறம். இளம் பாதிரியாரின் தாயை மனநோய் வார்டில் சேர்த்திருப்பார்கள். பாதிரியாரை அங்கே அழைத்துப் போகும் உறவுக்காரர்தான் வண்டிஸ் (இங்கிலீஷில் அங்கிள் என்றால் மாமனா சித்தப்பனா, யார் கண்டது), நீ சாமியாராகப் போகாமல் டாக்டராகச் சம்பாதித்திருந்தால் அம்மா இங்கே கிடப்பாளா என்கிற மாதிரி ஒரு வார்த்தை சொல்வார். குரலை உயர்த்த மாட்டார். நம் ஊரில் கல்யாணத்திலும் கருமாதியிலும் இப்படிக் குத்துகிற பெரியவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன், அச்சு அசல் அதே தொனி.

அதற்கு முந்தைய வருஷம், 1972இல், இதே ஆள்தான் வுடி ஆலன் படத்தில் ஆட்டுக்குட்டி மேல் காதல்கொண்டு டாக்டரிடம் வரும் ஆர்மீனிய மேய்ப்பர்! சிரிக்காமல் சொல்வார், நமக்கு வயிறு வலிக்கும்.

1917இல் பிறந்தவர். 1964இல் டாசினின் 'டாப்காபி' படம், பிறகு அமெரிக்க நாடக மேடை. 1967இல் பிராட்வேயில் மெர்கூரியோடு அதே யோர்கோ வேஷம், இசை நாடகமாக. அந்த ஏப்ரலில்தான் கிரேக்கத்தில் ராணுவக் கர்னல்கள் ஆட்சியைப் பிடித்தார்கள், அவர்களை எதிர்த்துப் பேசிய மெர்கூரியின் குடியுரிமையே பறிபோனது. வண்டிஸுக்கு அமெரிக்க டிவியில் கிடைத்ததில் ஒன்றும் ஒரு கர்னல் வேஷம்தான், கொரியப் போர்க்கள ஆஸ்பத்திரியில் நடக்கும் 'மேஷ்' காமெடித் தொடரில், ஈஸ்டர் விருந்துக்கு ஆட்டுக்குட்டி கொண்டுவரும் கிரேக்கக் கர்னல். மறுபடி ஆடு, பாவம். 2003இல் காலமானார்.

எங்கள் பக்கம் மாரியம்மன் திருவிழாவுக்கு வள்ளி திருமணம் போட்டால் நோட்டீஸில் ராஜபார்ட், ஸ்திரீபார்ட், பபூன், நாரதர், ஆர்மோனியம், மிருதங்கம் வரை பெயரோடு ஊரும் சேர்த்து அச்சடிப்பார்கள். ஒரு பெயர் விடுபட்டால் விடியற்காலை வரைக்கும் பஞ்சாயத்து. கோயில் நோட்டீஸுக்கு இருக்கிற அந்த அக்கறை பேப்பருக்கு வேண்டாமா? நீங்கள் போட்ட படத்தில் நாலு பேர் நிற்கிறார்கள், கீழே ஒரே ஒரு பெயர்தான்.

அடுத்த வாரம் 'ஸோர்பா' படம் என்று அறிவித்திருக்கிறீர்கள். அதில் ஊர்ப் பேதை மிமிதோஸாக வருபவர் சைப்ரஸ்காரர், பெயர் சோடிரிஸ் முஸ்டாகாஸ். இப்போதே சொல்லிவிட்டேன்.

– பழைய வாசகன், மன்னார்குடி