அசல் காட்சி கேட்கும் ஆவணப்பட விழாக்காரர்களுக்கு

மதிப்புக்குரிய தேர்வுக் குழுவினருக்கு,

வணக்கம். ஓர் ஆவணப்பட விழாவுக்கு என் படத்தை அனுப்பியிருந்தேன். அந்தக் காலத்து அசல் காட்சி ஒன்றுகூட இல்லை, அட்டை வீட்டையும் பொம்மையையும் ஆவணமாக எடுத்துக்கொள்ள முடியாது என்று திருப்பிவிட்டார்கள். எந்த விழா என்பது இருக்கட்டும். இதே பதிலை வாங்கிய நண்பர்கள் இருப்பதால் எல்லோருக்கும் பொதுவாகவே எழுதுகிறேன்.

ரித்தி பான் என்ற கம்போடிய இயக்குநரை உங்களுக்குத் தெரிந்திருக்கும். 1975 ஏப்ரல் 17 அன்று கெமர் ரூஜ் என்ற கம்யூனிஸ்ட் படை தலைநகர் நோம் பென்னுக்குள் நுழைந்து ஊரையே காலி செய்தபோது அவர் சிறுவன். அடுத்த நான்கு ஆண்டுகளுக்குள் பெற்றோரையும் உறவுகளையும் பறிகொடுத்தார். அந்தக் காலத்தின் அசல் காட்சி என்று மிஞ்சியவை, ஆட்சியாளர்கள் தங்கள் பெருமைக்காக எடுத்துவைத்த பிரச்சாரச் சுருள்கள். பட்டினி கிடந்தவர்களிடம் கேமரா ஏது?

அதனால் 2013-இல் வந்த 'தி மிஸ்ஸிங் பிக்சர்' படத்தில் களிமண்ணில் ஆட்களைச் செய்துவைத்தார். பொம்மைகள் அசைவதில்லை, கேமராதான் அவற்றுக்கு நடுவே போய்வருகிறது. அப்பாவுக்கு வெள்ளைக் கோட்டு, டை. மற்றவர்கள் கறுப்புடையில் நிற்க, சிறுவன் மட்டும் புள்ளிபோட்ட சட்டையில். இடையிடையே அந்தப் பிரச்சாரச் சுருளும் ஓடும். பொம்மைகளைப் பார்த்த கண்ணோடு அதைப் பார்க்கும்போது எது ஜோடனை என்று புரிந்துவிடும். கான் விழாவில் 'அன் செர்டன் ரிகார்ட்' பிரிவின் முதல் பரிசு அதற்குத்தான் கிடைத்தது. உங்கள் விதிப்படி வந்திருந்தால் படிவத்திலேயே அடிபட்டுப் போயிருக்கும்.

என் கதைக்கு வருகிறேன். இந்தியாவும் இலங்கையும் 1964-இல் போட்ட ஒப்பந்தத்தால் இலங்கை மலையகத்திலிருந்து இந்தியாவுக்குக் கப்பலேற்றப்பட்ட குடும்பம் எங்களுடையது. கூடலூர்ப் பக்கம் டேன்டீ என்ற அரசுத் தேயிலைத் தோட்டத்தில் அம்மாயி கொழுந்து பறித்தார். இலங்கையில் வாழ்ந்ததற்கு எங்களிடம் இருக்கும் ஒரே படம், பயணப் பத்திரத்துக்காக எடுத்தது. அதிகாரி ஆள் அடையாளம் பார்க்கத்தான் அது உதவும்; லயம் என்ற தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டுக்குள் எப்படிப் படுத்தார்கள், எங்கே சமைத்தார்கள் என்று அதில் எதைத் தேடுவது?

அட்டையில் லயம் கட்டினேன். அம்மாயி பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துவிட்டு, "இஸ்தோப்பு இம்புட்டு அகலமா இருந்திருந்தா நாங்க ஏன்டா கப்பலேறப் போறோம்?" என்று சிரித்தார். லயத்தின் முன் தாழ்வாரத்தைத்தான் இஸ்தோப்பு என்பார்கள். அப்புறம் விரலால் அளந்து வெட்டச் சொன்னார். அடுப்பு இருந்த மூலையைக் காட்டி, புகைபிடித்த சுவருக்குக் கறுப்பு போதாது என்று தேயிலைச் சாயத்தை இன்னும் இரண்டு பூச்சு பூசவைத்தார். இவ்வளவும் படத்தில் இருக்கிறது.

சரி, பொய் நுழைந்துவிடும் என்ற உங்கள் பயம் நியாயமானதுதான். பழைய போட்டோ மாதிரி ஒன்றைக் கம்ப்யூட்டரே செய்துகொடுக்கிற காலம் இது. அதனால்தான் கேட்கிறேன்: காப்பகக் காட்சி விவரம் கேட்கும் இடத்துக்குக் கீழே, செய்த காட்சிகளை யார் நினைவிலிருந்து, எப்படிச் செய்தோம் என்று எழுதவும் இடம் விடுங்கள். எழுதியதில் சந்தேகமிருந்தால் கூப்பிட்டுக் குடையுங்கள், பதில் சொல்கிறோம். ஆனால் பொம்மையைக் கண்டதுமே கதைப்படப் பிரிவுக்குத் தள்ளிவிடாதீர்கள். என் படத்தை மறுபடி பார்க்கச் சொல்லவில்லை; அடுத்த அறிவிப்பு வருவதற்குள் படிவத்தை மாற்றினால் போதும்.

இப்படிக்கு,
கூடலூர்க்காரன் ஒருவன்