சனிக்கிழமைக்கு முன்பாக

அன்புள்ள முரளி,

நலம். அம்மாவின் கண் அறுவைச் சிகிச்சை நல்லபடியாக முடிந்தது என்று கீதா சொன்னாள், நிம்மதி. சனிக்கிழமை வீட்டில் 'பெனின்சுலா' என்ற கொரியப் படம் பார்க்கப் போகிறாயாமே? அதற்குள் சிலவற்றைச் சொல்லியாக வேண்டும்.

2016இல் 'ட்ரெயின் டு பூசான்' பார்த்துவிட்டு வழியெல்லாம் பேசாமல் வந்தோமே, அந்தக் கனத்தை இதில் தேடாதே. இயக்குநர் அதே யோன் சாங்-ஹோதான். ஆனால் 2020இல் வந்த இந்தத் தொடர்ச்சியில் பழைய பாத்திரம் ஒன்றுகூட இல்லை. ஜாம்பிகளிடம், அதாவது மனிதரைக் கடிக்கும் நடைபிணங்களிடம், விழுந்து நான்கு ஆண்டுகள் ஆன கொரியாவுக்குள், டாலர் நிரம்பிய லாரியை எடுத்துவர நால்வர் போகிறார்கள். முதல் படத்தில் மகளை அவள் அம்மாவிடம் சேர்க்கத் தவித்த அந்த அப்பாவுக்கு முன்னால் இருபது மில்லியன் டாலர் எம்மாத்திரம், சொல்!

கார் துரத்தல்களில் கணினி வரைகலை துருத்திக்கொண்டு தெரிகிறது. வண்டிகளுக்கு எடையே இல்லை. இருந்தும் ஜுனி என்ற சிறுமி ஸ்டியரிங்கைப் பிடித்ததும் நான் எழுந்தே நின்றுவிட்டேன். என்ன ஒரு துணிச்சல்! அவள் தங்கை விளக்கும் சத்தமுமாகப் பொம்மைக் காரை ஓட்டி ஜாம்பிக் கூட்டத்தையே இழுத்துப் போகிறாள். படத்தின் உயிர் அந்த இரண்டு பிள்ளைகள்தான்.

ஜாம்பிகளுக்கு இருட்டில் கண் தெரியாது என்பதால் முக்கியமான சண்டைகள் எல்லாம் இரவில். அதனால்தான் கெஞ்சுகிறேன்: அறை விளக்கை முழுவதும் அணைத்துவிடு. உன் டிவியில் அசைவை மழமழப்பாக்கும் அமைப்பு இருக்குமே, அதையும் நிறுத்து. நொடிக்கு 24 சட்டகங்களாக (ஃப்ரேம்களாக) எடுத்த படத்துக்கு நடுவே அது தானாகச் சட்டகங்களைச் செருகுகிறது. சண்டைக்காட்சி தொலைக்காட்சித் தொடர் போல் ஆகிவிடும். மொழிமாற்றக் குரல் வேண்டாம், கொரிய ஒலியோடு வசன வரிகள் போதும்.

உன் மகளை மட்டும் படம் பார்க்க உட்கார வைக்காதே. ஆரம்பத்தில் குழந்தையை வைத்துக்கொண்டு சாலையில் கெஞ்சும் குடும்பத்தைக் கதாநாயகன் தாண்டிப் போகிறான். அடுத்து வரும் கப்பல் காட்சி இன்னும் கொடுமை. அந்தக் கார் நிற்காமல் போனது எனக்கு இன்றுவரை உறுத்துகிறது. படம் முழுவதும் அந்த உறுத்தலைப் பற்றியே இருந்திருக்கலாம். துப்பாக்கிகள் அதற்கு இடம் கொடுக்கவில்லை.

கடைசிக் காட்சியை அழவைப்பதற்காகவே இழுத்திருக்கிறார்கள் என்பது என் கட்சி. கீதா அழுதுவிட்டு என்னோடு சண்டை போட்டாள். நீ எந்தப் பக்கம் என்று ஞாயிற்றுக்கிழமையே எழுது.

அன்புடன்,
ரவி